கரையில் நர்டில், மீன் குடலில் நார்: எதை எண்ணுவது, எப்படி எண்ணுவது?

தெற்குவாடி கேட்டது:

எம்.எஸ்.சி. எல்சா 3 கப்பல் 2025 மே 25 அன்று கொச்சிக்கு அப்பால் மூழ்கியதும் குமரி மாவட்டக் கரையிலும், பிறகு தனுஷ்கோடிப் பக்கமும் வெள்ளைக் குருணையாக நர்டில் (பிளாஸ்டிக் பொருள் செய்வதற்கான மூலப்பொருள் குருணை) ஒதுங்கியது. கண்ணில் பட்டதை அள்ளியாயிற்று. மணலைக் கிளறினால் இன்னும் அகப்படுகிறது. இதையொட்டி ஒரு கல்லூரி விலங்கியல் துறையில் கரை மணலையும் கரைவலை மீனையும் சேர்த்துப் பார்க்கும் ஆய்வைத் தொடங்குகிறோம். நுண்ணோக்கி, ஓவன், வடிகட்டும் பம்பு இருக்கின்றன. எஃப்.டி.ஐ.ஆர். (துகள் எந்தப் பொருள் என்று அகச்சிவப்பு ஒளியால் கண்டறியும் சோதனை) வெளியே காசு கொடுத்துத்தான் பார்க்க வேண்டும்.

மூன்று இடங்களில் முட்டுகிறது.

முதலாவது, நர்டிலைத் தின்று மீன் சாகிறது என்று எழுத ஆதாரம் உண்டா? அல்லது தீங்கு முழுக்க அதைவிடச் சின்னத் துகளால்தானா?

இரண்டாவது, மணலைச் சலிக்கும் முறை. ஈர மணல் சல்லடையில் அப்பிக்கொள்கிறது. ஒருவர் எண்ணியதும் இன்னொருவர் எண்ணியதும் ஒத்துவரவில்லை.

மூன்றாவது, குடல் வேலை. மத்தி, காரல், கிழங்கான் மூன்றையும் 10% பொட்டாசியம் ஹைட்ராக்சைடில் 60 டிகிரி செல்சியஸில் கரைக்கிறோம். மத்திக்கு மட்டும் வடிதாளில் வெள்ளையாக ஏதோ படிந்து அடைத்துவிடுகிறது. எல்லா மீனிலும் நீல நாரும் கறுப்பு நாரும் வருகின்றன. மீன் போடாத வெறும் கரைசலிலும் அவை வருகின்றன. இந்தக் கணக்கை எப்படி எழுதுவது?

போகிற ஊரிலெல்லாம் "மீன் திங்கலாமா?" என்று கேட்கிறார்கள். அதற்கும் நேர்மையான பதில் வேண்டும்.

---

ஆளிப்பாறை:

முதல் கேள்விக்கு மட்டும் சொல்கிறேன்.

வாயின் அளவை வைத்து யோசியுங்கள். நர்டில் பெரும்பாலும் 3 முதல் 5 மி.மீ. மீன் முட்டையை விழுங்கும் மீன், கடற்பறவை, ஆமை ஆகியவற்றுக்கு அது உணவு அளவு. மிதவை உயிரிகளுக்கும் ஆளி, சிப்பி போன்ற வடிகட்டி உண்ணிகளுக்கும் அது வாய்க்கு அடங்காது. அவற்றைத் தாக்குவது மைக்ரான் கணக்கிலான துகள். ஆகவே "நர்டிலின் பாதிப்பு", "நுண்துகளின் பாதிப்பு" என இரண்டு தலைப்பாகப் பிரித்து எழுதுங்கள். ஒரே பத்தியில் கலந்தால் இரண்டுமே பலவீனமாகிவிடும்.

நுண்துகள் பக்கம் ஆதாரம் வலுவானது. கோப்பிபாட் என்னும் மிதவை உயிரிக்கு மி.லி.க்கு 75 வீதம் 20 மைக்ரான் பாலிஸ்டைரீன் மணிகளை இரையோடு கலந்து கொடுத்த சோதனை 2015 இல் வெளிவந்தது. அது தின்ற இரையின் அளவு குறைந்தது, முட்டை சிறுத்தது, பொரிக்கும் விகிதமும் விழுந்தது. துகள் விஷமாக வேலை செய்ததைவிட, இரைக்குரிய இடத்தைப் பிடித்துக்கொண்டதுதான் அங்கே பெரிய சேதம். 2016 இல் பசிபிக் சிப்பியை இரண்டு மாதம் 2, 6 மைக்ரான் மணிகளோடு, லிட்டருக்கு 0.023 மி.கி. அளவில் வளர்த்துப் பார்த்தார்கள். கருமுட்டை எண்ணிக்கை 38% குறைந்தது. விந்தணுவின் வேகம் 23%, லார்வா விளைச்சல் 41% குறைந்தன. வளர்ந்த சிப்பி வெளிப்பார்வைக்கு நன்றாகவே இருக்கும், அடி விழுவது அடுத்த தலைமுறைக்கு. செத்த மீனை மட்டும் தேடுகிற ஆய்வு இந்த இழப்பைத் தவறவிடும் என்பதால்தான் இதை அழுத்திச் சொல்கிறேன். சேற்றில் வாழும் லக் புழுவை எடையில் 5% பி.வி.சி. கலந்த மணலில் விட்டபோது அதன் உடல் சேமிப்பு ஆற்றல் பாதிவரை குறைந்தது. அது 2013 ஆய்வு.

இந்த எண்களை அப்படியே மன்னார் வளைகுடாவுக்குப் பெயர்க்க வேண்டாம். சோதனைத் தொட்டியில் போட்டவை ஒரே அளவுள்ள புத்தம் புது உருண்டை மணிகள். கடலில் இருப்பவை நாரும் சில்லும், மேலே பாசி படிந்தவை. போதாக்குறைக்கு, கடல் மேற்பரப்பில் துகளை அள்ளும் மான்டா வலையின் கண் சுமார் 333 மைக்ரான். அதற்குக் கீழுள்ளது எல்லாம் வலை வழியே போய்விடும். கடலில் கிடைத்த எண்ணிக்கையும் தொட்டியில் கொடுத்த எண்ணிக்கையும் வேறு வேறு அளவுத் துகள்களைப் பற்றியவை. எந்த ஆய்வை எடுத்தாலும் துகள் அளவு, வடிவம், செறிவு மூன்றையும் சேர்த்துக் குறிப்பிடுங்கள்.

இன்னும் இரண்டு எச்சரிக்கை. மீன்குஞ்சு இரையை விட்டுப் பிளாஸ்டிக்கையே விரும்பித் தின்கிறது என்று 2016 இல் 'சயின்ஸ்' இதழில் வந்த கட்டுரை 2017 இல் திரும்பப் பெறப்பட்டது. தமிழில் இன்றும் அதை மேற்கோள் காட்டுகிறார்கள். தயவுசெய்து பயன்படுத்தாதீர்கள். அடுத்தது, பிளாஸ்டிக் தொட்ட பவளத்துக்கு நோய் வாய்ப்பு 4 விழுக்காட்டிலிருந்து 89 விழுக்காடாகிறது என்ற 2018 ஆய்வு. உண்மையான, அருமையான வேலை. ஆனால் அது பை, வலை போன்ற பெரிய பிளாஸ்டிக் பற்றியது. மன்னார் வளைகுடாத் தீவுகளைச் சுற்றிப் பவளப் பாரில் சிக்கிக் கிடக்கும் அறுந்த வலைகளைப் பற்றி எழுதும்போது அதைச் சேருங்கள், நர்டிலுக்குச் சேர்க்காதீர்கள்.

நர்டில் பக்கம் உறுதியாகச் சொல்லக்கூடியது, அது கடல்நீரிலுள்ள பி.சி.பி., டி.டி.டி. வகை நஞ்சுகளை மேற்பரப்பில் ஏற்றிக்கொள்கிறது. 2001 இல் ஜப்பான் கரையில் எடுத்த குருணைகளில், சுற்றியுள்ள நீரைவிட லட்சம் முதல் பத்து லட்சம் மடங்கு செறிவு இருந்தது. ஆனால் மீனுக்கு அந்த நஞ்சு பெரும்பாலும் இரையின் வழியாகவே வருகிறது என்று கணக்குப் போட்டவர்களும் உண்டு. அந்த விவாதம் முடியவில்லை. "ஏற்றிக்கொள்கிறது" என்பதும் "மீனுக்குள் இறக்குகிறது" என்பதும் தனித்தனி வாக்கியங்களாக இருக்கட்டும்.

---

மன்னார்க்கரை:

இலங்கைப் பக்கத்திலிருந்து இரண்டாவது கேள்விக்கு. எக்ஸ்-பிரஸ் பேர்ள் என்ற சரக்குக் கப்பல் 2021 மே 20 இல் கொழும்புக்கு அப்பால் தீப்பிடித்து ஜூன் 2 இல் மூழ்கினது. அதிலிருந்து கடலில் கலந்த நர்டில் ஏறத்தாழ 1,680 தொன். 25 கிலோ பைக் கணக்கில் 67,200 பை. நீர்கொழும்பு, சரக்குவ பக்கம் கரையே வெள்ளையாகிப் போனது. 2025 ஜூனில் எல்சா 3 நர்டில் மன்னார்க் கரைக்கும் வந்து சேர்ந்தது. ஆகவே இந்தச் சலிப்பு வேலை இரண்டு கரைக்கும் பொது.

ஈர மணலைச் சலிக்க வேண்டாம், மிதக்க விடுங்கோ. நர்டில் பெரும்பாலும் பொலிஎதிலீன் அல்லது பொலிபுரொப்பிலீன், அடர்த்தி 0.90 முதல் 0.97 வரை. கடல்நீர் 1.025. 20 லீற்றர் வாளியில் மூன்றில் ஒரு பங்கு மணல், மிச்சம் கடல்நீர். தடியால் அடிவரை கிண்டி, இரண்டு நிமிடம் விட்டு, மேலே மிதக்கிறதைத் தேயிலை வடியால் வழித்தெடுக்கலாம். மூன்று முறை திரும்பச் செய்ய வேண்டும். முதல் தடவையில் மணலோடு ஒட்டின குருணை கீழேயே நிற்கும். கடற்புல் சருகும் கூடவே மிதக்கும், அதனால் வழித்ததை இன்னொரு வாளியில் போட்டுக் கழுவிப் பிரியுங்கோ. காய்ந்த மணல் என்றால் 5 மி.மீ. சல்லடை மேலே, 1 மி.மீ. கீழே. சிப்பி ஓடு மேலே தங்கும். உருண்டைக்குப் பதில் தட்டையாக இருக்கிற சில பெரிய குருணையும் மேல் சல்லடையில் தங்கும், அதை விட்டுவிடாமல் பொறுக்க வேண்டும்.

ஆளுக்கு ஆள் எண்ணிக்கை மாறுகிறதற்குக் காரணம் எங்கே கட்டம் போடுகிறீர்கள் என்பதுதான். கடைசி ஓதம் விட்டுப்போன சருகுக் கோட்டில்தான் குருணை குவியும். அதிலிருந்து ஒரு மீற்றர் தள்ளினாலே எண்ணிக்கை விழும். 100 மீற்றர் நீளத்துக்குக் கயிறு பிடித்து, அந்தக் கோட்டிலேயே 50 × 50 செ.மீ. சட்டம் ஐந்து இடத்தில், இடத்தைக் குலுக்கல் முறையில் எடுத்து வையுங்கோ. கண்ணுக்குக் குருணை தெரிகிற இடமாகப் பார்த்து வைத்தால் கணக்கு பொய். மேல் 5 செ.மீ. மணல் எடுத்தால் ஒரு சட்டத்துக்கு 12.5 லீற்றர், கிட்டத்தட்ட 20 கிலோ. பழைய சருகுக் கோடு மேலே இன்னொன்று இருந்தால் அதற்குத் தனித் தாள்.

ஒரு இடத்தில் மட்டும் 30 செ.மீ. ஆழத்துக்கு 5 செ.மீ. அடுக்காக வெட்டிப் பாருங்கோ. சோளகத்தில் (தென்மேற்குப் பருவக்காற்று) அரிக்கிற கரை வாடையில் (வடகிழக்குப் பருவக்காற்று) மூடும், அல்லது மறுபக்கமாக நடக்கும். அந்த மாற்றத்தில் குருணை அடுக்கடுக்காகப் புதைகிறது. "சுத்தமாச்சு" என்று அறிவித்த கரை அடுத்த பருவத்தில் திரும்ப வெளுக்கிறது இதனால்தான்.

எண்ணுவதை விட நிறுப்பது நல்லது. 25 கிலோ பையில் ஏறத்தாழ பத்து லட்சம் குருணை, அதாவது ஒன்று 25 மி.கி. அளவு. உங்கள் கரையில் கிடைத்ததில் நூறைக் கழுவிக் காயவைத்து நிறுத்தால் உங்களுக்கான காரணி வந்துவிடும். பிறகு எல்லாவற்றையும் நிறுத்து மாற்றிக்கொள்ளலாம்.

நிறத்தைக் கட்டாயம் பிரித்து எழுதுங்கோ: வெள்ளை, மஞ்சளானது, எரிந்தது. மஞ்சள் அல்லது பழுப்பு என்றால் பெரும்பாலும் நீண்ட காலம் வெயிலில் கிடந்தது, எல்சா 3 கப்பலில் வந்ததாக இல்லாமல் இருக்கலாம். எரிந்ததைச் சாதாரண நர்டிலோடு சேர்க்கவே கூடாது. எக்ஸ்-பிரஸ் பேர்ளில் எரிந்த துண்டுகளில் பி.ஏ.எச். வகை (எரியும்போது உண்டாகும் நச்சு) இரசாயனங்கள் சேர்ந்திருந்தன, கையால் நசித்தாலே பொடியாகும். அந்தப் பொடி ஆளிக்கும் மிதவை உயிரிக்கும் வாயளவு. மேலே ஆளிப்பாறை சொன்ன இரண்டு தலைப்பும் ஒன்றாகிற இடம் இதுதான். நைட்ரைல் கையுறை போட்டு, கண்ணாடிப் போத்தலில் எடுங்கோ.

அள்ளும்போது: ஜே.சி.பி. வேண்டாம், அடம்பன்கொடியையும் இராவணன்மீசையையும் பிடுங்க வேண்டாம். வேர் போனால் மணல்மேடு போகும், புதைந்த குருணையும் கடலுக்கே திரும்பும். ஆமை முட்டையிடுகிற மாதங்களில் ஆழமாகக் கிண்டவும் கூடாது. அள்ளினதை உரப் பையில் கட்டி வெயிலில் வைக்கிறார்கள். அந்தப் பை பொலிபுரொப்பிலீன் நெசவு, சில மாதத்தில் அதுவே நாராக உதிரும். மூடி உள்ள பீப்பாய், நிழலில்.

---

உப்பளத்தான்:

குடல் வேலைக்கு வருவோம். மத்திக்கு மட்டும் அடைப்பதற்குக் காரணம் கொழுப்பு. காரத்தில் கொழுப்பு சோப்பாகிறது. ஆறியதும் அந்தச் சோப்பு கெட்டியாகி வடிதாளில் படியும். ஆற விடாமல் வடிகட்டுங்கள். கரைத்து முடித்ததும் வடிகட்டிய வெந்நீர் சம அளவு சேர்த்து, சூடாக இருக்கும்போதே பம்பு போடுங்கள். கடைசியில் 70% எத்தனாலால் தாளைக் கழுவினால் மிச்சப் படலமும் போகும். கண்ணாடி நார் வடிதாளுக்குப் பதில் 20 மைக்ரான் துருப்பிடிக்காத எஃகு வலை போட்டால் பாதிச் சிக்கல் தீரும். நுண்ணோக்கியில் நீங்கள் நம்பிப் பார்க்கக்கூடியது 50 மைக்ரானுக்கு மேல்தான். ஒரு மைக்ரான் தாளில் வடிகட்டி அடைத்துக்கொள்வதில் லாபமே இல்லை.

60 டிகிரி வேண்டாம், 40 டிகிரியில் 48 மணி நேரம் வையுங்கள். சூடு கூடினால் பாலியெஸ்டர் காரத்தில் அரிபடும். நாரைத் தேடும் ஆய்வில் நாரையே கரைத்துவிடக் கூடாது. 100 கிராம் பொட்டாசியம் ஹைட்ராக்சைடைத் தண்ணீரில் கரைத்து ஒரு லிட்டராக்குங்கள். காரத்தைத் தண்ணீரில்தான் கொஞ்சம் கொஞ்சமாகப் போட வேண்டும், கொதிக்கிற அளவு சூடாகும். கண்ணாடி, கையுறை இல்லாமல் யாரையும் பக்கத்தில் விடாதீர்கள். குடலின் பருமனைப் போல் மூன்று பங்காவது கரைசல் வேண்டும். குறைந்தால் நடுவில் கட்டி கரையாமல் நிற்கும்.

கரைத்த பிறகும் மணலும் முள்ளும் ஓட்டுத் தூளும் மிஞ்சும். அதை உப்புக் கரைசலில் மிதக்க விடுங்கள். ஒரு லிட்டர் தண்ணீருக்கு சுமார் 360 கிராம் உப்பு. 100 மி.லி. குடுவையில் நிறுத்தால் 119 அல்லது 120 கிராம் காட்ட வேண்டும், குறைந்தால் உப்பு போதவில்லை. இதில் நைலான், பாலிஸ்டைரீன் வரை மிதக்கும். பி.வி.சி.யும் பாலியெஸ்டரும் அடியில் போகும், அதனால் அடிமண்டியைக் கொட்டாமல் தனியாகப் பாருங்கள். கடலுப்பிலேயே நுண்ணெகிழி (நுண் பிளாஸ்டிக் துகள்) உண்டு. தூத்துக்குடியில் உப்பு மலிவு என்று மூட்டையிலிருந்து எடுத்து அப்படியே போட்டால் உப்பளத்துத் துகளையும் மீன் கணக்கில் எழுதுவீர்கள். கரைசலை முதலில் வடிகட்டியே தீர வேண்டும். சந்தேகமான வெள்ளைச் சில்லு மேல் நீர்த்த அமிலம் ஒரு சொட்டு விடுங்கள், நுரைத்தால் சிப்பி ஓடு.

இப்போது அந்த நீல நார். உங்கள் ஆய்வின் உயிர் இதில்தான் இருக்கிறது. பத்து மீனுக்கு ஒன்றாவது, மீன் இல்லாத வெறும் ஜாடி ஒன்று எல்லாப் படியையும் கடந்து வர வேண்டும். நுண்ணோக்கிப் பக்கத்தில் ஈரமான வடிதாள் ஒன்று திறந்தே இருக்கட்டும், காற்றிலிருந்து விழுவதை அது சொல்லும். வெறும் ஜாடிகளின் சராசரியோடு திட்ட விலக்கத்தின் மூன்று மடங்கைக் கூட்டுங்கள். அதைத் தாண்டிய மீனை மட்டுமே "நார் உண்டு" என்று எழுதலாம். உதாரணத்துக்கு, சராசரி 4, விலக்கம் 2 என்றால் வரம்பு 10. ஒன்பது நார் கிடைத்த மீன் உங்கள் அட்டவணையில் இல்லை என்றே போக வேண்டும். மனசுக்குக் கஷ்டமாக இருக்கும், ஆனாலும் அப்படித்தான் எழுத வேண்டும்.

வெறும் ஜாடியில் வருவதைக் குறைக்க வழி உண்டு. மின்விசிறியை நிறுத்துங்கள். பாலியெஸ்டர் துப்பட்டா, செயற்கை நூல் கோட்டு ஆய்வகத்துக்குள் வேண்டாம். எல்லாரும் ஆரஞ்சு போல மீனில் வராத ஒரே நிறத்தில் பருத்திக் கோட்டு போட்டால், உங்கள் உடையிலிருந்து உதிர்ந்த நார் தாளில் தனியாகத் தெரியும். மீனை அலுமினியத் தாளில் சுற்றி உறையவைத்து, குடலை வெட்டுமுன் வெளிப்புறத்தை வடிகட்டிய நீரால் கழுவுங்கள்.

அப்படியும் மிஞ்சும் நீல நார் பிளாஸ்டிக் என்று முடிவு கட்டாதீர்கள். ஆறு கடற்பரப்புகளில் 916 கடல்நீர் மாதிரிகளை எடுத்து நாரைச் சோதித்த 2020 ஆய்வில் செயற்கை நார் 8.2% மட்டுமே. பெரும்பகுதி பருத்தி போன்ற செல்லுலோஸ். ஜீன்ஸ் துணியின் நீலம் கண்ணுக்கு நைலான் போலவே தெரியும். பழுக்கக் காய்ச்சிய ஊசியை நாரின் நுனிக்குக் கொண்டுபோனால் பிளாஸ்டிக் உருகிச் சுருளும், பருத்தி கருகும். நாரின் அளவு அரை மி.மீ.க்குக் கீழ் போனால் இந்தச் சோதனையும் தடுமாறும். எஃப்.டி.ஐ.ஆருக்கு அனுப்பும்போது நிறம், வடிவம், அளவு என ஒவ்வொரு வகையிலும் பத்தில் ஒன்றைக் குலுக்கி எடுங்கள். பளிச்சென்று தெரிவதை மட்டும் பொறுக்கி அனுப்பினால் "90% பிளாஸ்டிக்" என்று வரும், அது மீனுக்குள் இருந்ததன் விகிதம் ஆகாது.

இன்னொன்று: தெரிந்த 20 சிவப்புத் துகளை மீன் குடலோடு போட்டுக் கடைசியில் எத்தனை திரும்பி வருகின்றன என்று பார்த்துவிடுங்கள். 16க்குக் கீழ் என்றால் முறையில் எங்கோ ஓட்டை, பெரும்பாலும் ஜாடி மாற்றும்போது சுவரில் ஒட்டிக்கொள்வதுதான்.

---

தெற்குவாடி:

மூவருக்கும் மிக்க நன்றி. 40 டிகிரிக்கு மாற்றுகிறோம், வெறும் ஜாடிக் கணக்கையும் முதலிலிருந்து போடுகிறோம். பிளாஸ்டிக்கை ஒளிரவைக்கும் நைல் ரெட் சாயம் போட்டால் எஃப்.டி.ஐ.ஆர். செலவு குறையும் என்கிறார்களே, நம்பலாமா? சாப்பிடலாமா என்ற கேள்விக்கும் யாராவது சொல்லுங்கள்.

---

உப்பளத்தான்:

நைல் ரெட் எங்கே பார்க்க வேண்டும் என்று காட்டும். அது பிளாஸ்டிக்தான் என்று உறுதி சொல்லாது. மி.லி.க்கு 10 மைக்ரோகிராம், அரை மணி நேரம், நீல ஒளி, ஆரஞ்சு வடிகண்ணாடி. அசிட்டோனில் கரைத்தால் பாலிஸ்டைரீனையே கரைக்கும், மெத்தனால் நல்லது. மீன் கொழுப்பும் ஒளிரும் என்பதால் மத்தியில் சோப்புப் படலம் மிஞ்சினால் தாள் முழுக்க மின்னும். கறுப்பு நாரும் டயர்த் தூளும் ஒளிராது, பாலியெஸ்டர் மங்கலாகத்தான் தெரியும். உங்கள் மீனில் கறுப்பு நாரும் வருவதால் உங்களுக்கு இது பாதிதான் உதவும்.

---

ஆளிப்பாறை:

சாப்பிடுவது பற்றி. மீனவர் பிழைப்பைத் தொடும் கேள்வி, அதனால் அளந்து பேசுங்கள். நீங்கள் எண்ணுவது குடலில் இருப்பது. மத்தியோ காரலோ குடல் எடுத்துக் கழுவித்தான் குழம்புக்குப் போகிறது. 150 மைக்ரானுக்கு மேற்பட்ட துகள் குடல் சுவரைத் தாண்டித் தசைக்குப் போக வாய்ப்பில்லை என்றுதான் ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2016 இல் மதிப்பிட்டது. நீங்கள் பார்க்கக்கூடிய துகளில் பெரும்பகுதி அந்த அளவுக்கு மேல்தான். எனவே உங்கள் தரவை வைத்து மீன் சதையைப் பற்றி எதுவும் சொல்ல முடியாது, நல்லதென்றும் கெட்டதென்றும்.

குடலோடு தின்பவை வேறு கதை. நெத்திலி, அதன் கருவாடு, பச்சை ஆளி, மட்டி. அதே மதிப்பீட்டில் 225 கிராம் ஆளி தின்றால் உள்ளே போகும் பிளாஸ்டிக் அதிகபட்சம் 7 மைக்ரோகிராம் என்று கணக்கிட்டார்கள். ஆளியை வடிகட்டிய கடல்நீரில் ஓரிரு நாள் விட்டுச் சமைத்தால் குடலில் இருப்பதில் ஒரு பகுதி வெளியேறும். நெத்திலியின் தலையையும் குடலையும் கிள்ளி எடுக்கும் பழக்கம் பல வீடுகளில் உண்டு, அது போதுமான முன்னெச்சரிக்கை. கேட்பவரிடம் "கழுவிக் குடல் எடுத்த மீனை இந்தக் காரணத்துக்காக விட வேண்டாம்" என்று தயங்காமல் சொல்லலாம். ஆனால் நர்டில் ஒதுங்கிய கரையில் எரிந்த துண்டு கிடைத்தால், அங்கே பாறையில் எடுக்கும் ஆளியைத் தனியாகச் சோதித்து முடிவு வரும்வரை எடுக்க வேண்டாம் என்று சொல்லுங்கள். எல்சா 3 குருணையில் எரிந்தது ஏதும் உங்கள் தாளில் பதிவாகியிருக்கிறதா? இருந்தால் எந்தக் கோட்டில், எத்தனை கிராம் என்று இங்கே போடுங்கள்.